பவுசரோடு வந்த சனம்

என் மாமனாரின் செத்தவீட்டுக்கு ஊரைக் கூட்டியவன் நான்தான். ஆனால் வந்தவர்களில் பாதிப்பேருக்கு அவர் யாரென்றே தெரியாது.

அந்த வருடம் மழை இல்லை. லிங்கநகரில் குழாயைத் திறந்தால் காற்றுதான் வந்தது. எங்கள் கிணறும் உப்பாகிவிட்டது. அந்த நேரம் பார்த்து மாமா காலமானார். துறைமுகத்தில் இழுவைப்படகு ஓட்டியவர். மாமி என்னைக் கூப்பிட்டு, "ஆயுள் முழுக்க உப்புத்தண்ணியில கிடந்த மனுசன், தம்பி. கடைசியா ஒருக்கா நல்ல தண்ணி வார்க்கவேணும்" என்றார்.

நான் புது மருமகன். பெயர் எடுக்க இதுதான் சந்தர்ப்பம் என்று சைக்கிளில் பறந்தேன். (செத்தவீட்டில் பெயர் எடுக்க நினைத்தவனை வேறெங்கும் கண்டிருக்கமாட்டீர்கள்.)

சந்தியில் அப்போதுதான் தண்ணீர் ஏற்றிவரும் பவுசர் வண்டி வந்து நின்றது. நீண்ட வரிசை. சாரதியிடம் கெஞ்சினேன். செத்தவீட்டுக்குப் போய்விட்டு உடனே திரும்புவதாகச் சொல்லி அவர் வண்டியை எடுத்தார். போன பவுசர் திரும்பி வந்ததை அங்கே யாரும் கண்டதில்லை. வரிசை அப்படியே வாளி குடங்களோடு பின்னால் நடந்தது.

வந்தவர்கள் வாளிகளை வேலியோரம் வைத்துவிட்டு, மரியாதையாக உள்ளே போய் மாமாவைப் பார்த்தார்கள். சிலர் அழுதும்விட்டார்கள். அவருக்கு இவ்வளவு சனமா என்று மாமி என் மனைவியைக் கட்டிப்பிடித்து விம்மினார். எனக்குத் தலைகால் புரியவில்லை. வந்தவர்கள் முதலில் பிடிக்கட்டும் என்று சாரதியிடம் பெருந்தன்மையாகச் சொன்னேன். (ஏதோ என் அப்பன் வீட்டுத் தண்ணீர் மாதிரி!)

பவுசர் வற்றியபோது மாமாவுக்கு ஒரு சொட்டும் மிஞ்சவில்லை.

முற்றத்தில் வாங்குப் பலகை ஒன்றில் அவரைக் கிடத்தியிருந்தார்கள். நான் வெறும் வாளியோடு நின்றேன். சனம் தங்கள் குடங்களை மெல்லப் பின்னுக்கு நகர்த்தியது. அவர்களைக் குறை சொல்லமாட்டேன். இடுப்பில் குழந்தையோடு நின்ற ஒரு பெண் மட்டும் தன் குடத்தைக் கொண்டுவந்து என் காலடியில் வைத்தார்.

"விடிய வெள்ளனவே வந்து நிண்டனான். பரவாயில்லை, இதை அவருக்கு வார்த்துவிடுங்கோ."

அந்த ஒரு குடத்தில்தான் மாமாவைக் குளிப்பாட்டினோம். அந்தப் பெண் வெறுங்கையோடு போனதை நான் பார்த்துக்கொண்டிருந்தேன்.

நடந்ததை மாமிக்கு நாங்கள் சொல்லவேயில்லை. செத்தவீட்டுக்கு வந்த சனத்தைப் பற்றி அவர் பெருமையாகக் கதைக்கும்போதெல்லாம் நானும் தலையாட்டுவேன். போன கிழமை என்னைக் கேட்டார்.

"எனக்கும் அப்பிடிச் சனம் வருமோ, தம்பி?"

குசினிக்குள் சமைத்துக்கொண்டிருந்த என் மனைவி வாய்தவறிச் சொன்னாள். "வரும் அம்மா. மாரி மழைக்குள்ள மட்டும் போயிடாதேங்கோ."

மாமி விழுந்து விழுந்து சிரித்தார். எவ்வளவு காலமாக அவருக்குத் தெரியும் என்று கேட்க எனக்கு வாய் வரவில்லை.