சாக்கெட்டில் இறங்காத சிப்

ஸ்டோர் கீப்பர் உட்கார்ந்த வேகத்திலேயே எழுந்துவிட்டார். எழுந்த பிறகுதான் கத்தினார். கத்திய பிறகுதான் நாற்காலியைத் திரும்பிப் பார்த்தார். பார்த்ததும் வலி போன இடம் தெரியவில்லை.

நாற்காலியில் மல்லாந்து கிடந்தது மேனேஜருடைய பிராசஸர்.

கம்பெனி வாங்கிய முதல் கம்ப்யூட்டரின் மூளை அது. ஊதா நிறப் பீங்கான் சிப். மேலே தங்கத் தகடு, அடியில் முள்ளம்பன்றி மாதிரி வரிசை வரிசையாகத் தங்க முலாம் பூசிய பின்கள். மேனேஜர் அதைக் கண்ணாடிப் பெட்டியில் வைத்து, வருகிறவர் போகிறவருக்கெல்லாம் காட்டி, இத்தனை வருஷத்தில் ஒரு பின்கூட வளைந்ததில்லை என்று சொல்லிச் சொல்லியே பல பேரை அந்த அறைப்பக்கம் வரவிடாமல் செய்திருந்தார். மறுநாள் கம்பெனியின் ஆண்டு விழா. சிப்பை அதன் பழைய போர்டிலேயே பொருத்தி, எல்லார் முன்னாலும் திரை விலக்கிக் காட்டுவதாக ஏற்பாடு. பொருத்துகிற வேலைக்கு யார் யாரோ ஆசைப்பட்டார்கள். மேனேஜர் கூப்பிட்டது இவரைத்தான்.

காரணம் இல்லாமல் இல்லை. ஆபீஸிலும் சரி, தெருவிலும் சரி, இவருக்கு 'பூப்போல' என்றே பெயர். பல்பைக் கொடுத்தாலும் பச்சைக் குழந்தையைக் கொடுத்தாலும் "பூப்போலப் பிடிங்க" என்பார். சிப்பும் போர்டும் கைக்கு வந்த அன்று அந்தப் பெருமையைக் கேட்காத வீடு எங்கள் தெருவில் கிடையாது. கேட்க மாட்டேன் என்று கதவைச் சாத்தியவர்களுக்கு ஜன்னல் வழியாகச் சொன்னார்.

வீட்டில் பொருத்திப் பார்த்தபோதுதான் சிக்கல். இந்தக் காலத்துச் சாக்கெட் என்றால் ஓரத்தில் ஒரு கைப்பிடி இருக்கும். தூக்கி, சிப்பை வைத்து, மூடிவிடலாம். பழைய சாக்கெட்டில் அதெல்லாம் இல்லை. அத்தனை பின்னும் அத்தனை ஓட்டையிலும் ஒன்றாக நுழையும்படி கட்டைவிரலால் அழுத்த வேண்டும். சிப் கோணிக்கொண்டு நின்றது. அழுத்தப் பயந்து, ஓட்டையில் தூசு இருக்கும் என்று தமக்குத் தாமே சமாதானம் சொல்லி, சிப்பை நாற்காலியில் கவிழ்த்து வைத்துவிட்டு பிரஷ் தேடப் போனார். பிரஷ் கிடைத்த சந்தோஷத்தில் வந்து உட்கார்ந்தார்.

மனைவி ஓடிவந்தாள். முதலில் நாற்காலியைப் பார்த்தாள், அப்புறம் அவரை.

"என்னங்க, இதைத்தானே பூப்போல..."

"பேசாம அந்த ட்வீசரைக் கொடு."

அவள் புருவம் திருத்தும் ட்வீசரால் வளைந்த பின்களை நிமிர்த்த ஆரம்பித்தார். ஒரு வரிசை நிமிர்ந்தால் பக்கத்து வரிசை படுத்தது. பேனா பென்சிலின் மூக்குத் துளையில் பின்னை விட்டு நிமிர்த்தலாம் என்று எங்கோ படித்த ஞாபகம் வந்தது. உள்ளே இருந்த லெட் குச்சியை எடுக்க ஞாபகம் வரவில்லை. அது பொடிப்பொடியாக உடைந்து பின்களுக்கு நடுவே கறுப்பாக அப்பிக்கொண்டது. பல் துலக்கும் பிரஷால் அதைத் தேய்த்துக்கொண்டிருந்தவர், மூன்றாவது வரிசையில் அப்படியே நின்றுவிட்டார். பல் விழுந்த ஈறு மாதிரி ஓர் இடம் காலியாக இருந்தது.

வீட்டைப் பெருக்கினார்கள். ஃபிரிட்ஜ் கதவில் ஒட்டியிருந்த காந்தத்தை நூலில் கட்டித் தரை முழுக்க இழுத்தார்கள். அவள் தொலைத்தாள் என்று அவர் திட்டிய ஸ்க்ரூ வந்தது. அவர் தொலைத்தார் என்று அவள் திட்டிய ஊக்கு வந்தது. பின் வரவில்லை.

மனைவி அவரைச் சுற்றிப் பின்பக்கமாக வந்தாள். "இனிமே தேடறதுக்கு ஒரு இடம்தாங்க பாக்கி."

கண்ணாடியைப் பிடித்துப் பார்த்ததில் அவருக்குக் கழுத்து சுளுக்கியதுதான் மிச்சம். பார்த்துச் சொல்ல வேண்டிய பொறுப்பு அவளுடையதாயிற்று.

"வரிசையா ஓட்டை ஓட்டையா இருக்குங்க. அந்தப் போர்டுல இருக்கே, அதே மாதிரி."

அவர் கத்தியது என்ன என்று விசாரிக்க மாடிவீட்டு அக்கா இறங்கி வந்தார். ஸ்டோர் கீப்பர் சுவரோடு முதுகை ஒட்டிக்கொண்டு, கட்டி என்று சொல்லிவைத்தார். அந்த அக்காவிடம் சொல்வதும் மைக் வைத்துச் சொல்வதும் ஒன்று. கட்டி முதல் வீட்டிலேயே பழுத்துவிட்டது. தெருக்கோடியில் ஆபரேஷன் ஆகிவிட்டது. விசாரிக்க வந்தவர்கள் எல்லாம், "நிக்காதீங்க, முதல்ல உட்காருங்க" என்றே ஆரம்பித்தார்கள்.

கூட்டம் கலைந்ததும் மனைவி யோசனை சொன்னாள். "சாக்கெட்ல அழுத்திட்டா அடியில ஒரு பின் இல்லாதது யாருக்குத் தெரியப்போகுது?"

"எனக்குத் தெரியுமே" என்றார். நாளைக்குத் திரை விலகும்போது எல்லாரும் கைதட்டுவார்கள். மேனேஜர் இவர் தோளைத் தட்டுவார். அந்தத் தட்டை வாங்கிக்கொண்டு நிற்க இவரால் முடியாது.

மேனேஜருக்குப் போன் போட்டு எல்லாவற்றையும் சொல்லிவிட்டார். எங்கே உட்கார்ந்தார் என்பதைக்கூட மறைக்கவில்லை. மேனேஜர் மெல்லிய குரலில், நடந்தது நடந்துவிட்டது, பேசாமல் சாக்கெட்டில் அழுத்திவிடுங்கள், யாருக்கும் சொல்ல வேண்டாம் என்றார். ஆஸ்பத்திரிக்கெல்லாம் அலையாதீர்கள், உள்ளே ஒன்றும் போயிருக்காது என்றும் சொன்னார்.

திட்டியிருந்தால்கூடத் தேவலை. போனை வைத்துவிட்டுக் கண்ணைத் துடைத்துக்கொண்டார். "தெய்வம்மா அந்த மனுஷன்."

"தெய்வமாவே இருக்கட்டும். குத்தினது உங்களைத்தானே, கிளம்புங்க."

கிளினிக்கில் எல்லாரும் உட்கார்ந்திருக்க இவர் மட்டும் நின்றார். என்ன பிரச்சினை என்று நர்ஸ் கேட்க, இவர் காதோடு காதாகச் சொல்ல, நர்ஸ் தமக்குச் சரியாகக் கேட்டதா என்று உறுதிசெய்துகொள்ள ஹால் முழுக்கக் கேட்கும்படி திருப்பிச் சொன்னார். சிரிப்பை அடக்க இருமியவர்களில் எங்கள் தெருக்காரர்களும் இருந்தார்கள்.

கட்டிலில் குப்புறப் படுத்தார். பின் எந்த அளவு என்று தெரியட்டும் என்று கொண்டுவந்திருந்த சிப்பை நர்ஸிடம் கொடுத்தார். விளக்கு வந்தது, இடுக்கி வந்தது. அங்கே வேலை நடக்க, இவர் தலையணைக்குள் முகத்தைப் புதைத்துக்கொண்டு புலம்பினார்: மேனேஜர் ஒரு பின்கூட வளையாமல் காப்பாற்றியவர், தம்மை நம்பிக் கொடுத்தார், அதை இந்தக் கதிக்கு ஆக்கியும் ஒரு கடுஞ்சொல் சொல்லவில்லை, நாளைக்கு அவர் முகத்தில் எப்படி முழிப்பது.

இடுக்கி நின்றது. நர்ஸ் சிப்பை எடுத்து விளக்கடியில் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

"உங்க மேனேஜர்னா, நல்ல உயரமா, மூக்குல கண்ணாடி தொங்குமே, அவரா?"

"ஆமா சிஸ்டர். அவரை உங்களுக்குத் தெரியுமா?"

"உங்ககிட்ட பின்னெல்லாம் ஒண்ணும் இல்லை சார், எழுந்திருங்க, இந்தச் சிப்போட பின்னைப் போன மாசமே அவரை இதே கட்டில்ல குப்புறப் போட்டு நான்தான் எடுத்தேன்."