இருநூற்றுப் பதினான்கும் ஒரு வெற்றிடமும்

அன்று எங்கள் வீட்டின் பின்பக்கம் கூடியிருந்தவர்கள் நான்கு பேர். நான். என் மனைவி. பக்கத்து வீட்டுத் தையற்காரர். தோட்ட வடிவமைப்பாளர் என்று அட்டை அச்சடித்து வைத்திருந்த ஒரு பெண்மணி. மதில்மேல் ஒரு பூனையும் இருந்தது. அது எந்தப் பக்கம் என்று தெரியாததால் சேர்க்கவில்லை. தையற்காரரையும் யாரும் அழைக்கவில்லைதான். ஆனால் தேநீர் குடித்தார். ஆகவே கணக்கில் வருகிறார்.

எண்ணுவது என் பழக்கம். முப்பத்து நான்கு வருடம் ஒரு கிடங்கில் ஸ்டோர் கீப்பராக இருந்தேன். அதிகம் படித்தவனில்லை. நாலு பேர் முன்னால் பேசவும் வராது. ஆனால் வந்த பொருள் எத்தனை, போன பொருள் எத்தனை என்று ஓர் ஆணி பிசகாமல் சொல்வேன். ஓய்வு பெற்றபின் எண்ணுவதற்கு எனக்கு ஏதாவது வேண்டியிருந்தது. அப்படித்தான் பின்பக்கத்துத் தகரக் கொட்டகை உண்டானது.

ஏழு வருடத்தில் அதில் சேர்ந்தவை இருநூற்றுப் பதினான்கு உருப்படிகள். கார் டயர் ஏழு, எங்கள் வீட்டில் சைக்கிள்கூடக் கிடையாது. காலி டின் முப்பத்தொன்று. ஓடு எண்பத்தெட்டு. கதவு ஒன்று, அதற்கு வீடு கிடையாது. பித்தளை மூக்கு வைத்த பூவாளி ஒன்று. மற்றவை எண்பத்தாறு. அவற்றின் பெயர் எனக்கு மட்டும்தான் தெரியும்.

"எல்லாம் சும்மா கிடக்குது" என்பாள் என் மனைவி.

"ஒரு நாள் தேவைப்படும்."

"மொத்தம் எத்தனைன்னீங்க?"

"இருநூத்திப் பதினாலு."

"பதினஞ்சு. சும்மா கிடக்கிறதுல உங்களை விட்டுட்டீங்க."

என் உடம்பில் மூச்சு இருக்கும்வரை அங்கிருந்து ஒரு டின்கூட வெளியே போகாது என்று அன்று காலைதான் பல் துலக்கும்போது உறுதி எடுத்திருந்தேன். பத்து மணிக்கு அந்தப் பெண்மணி வந்துவிட்டார்.

துணி துவைக்கும் கல்மேல் ஒரு பெரிய காகிதத்தை விரித்தார்.

"அம்மா போன்ல அளவு சொன்னாங்க. இருபத்திரண்டுக்குப் பதினெட்டு. சும்மா ஒரு மாதிரிப் படம் போட்டுக் கொண்டுவந்தேன்."

"சும்மாவா?" என்றேன். அந்தச் சொல்லை அவ்வளவு ஆசையாக நான் உச்சரித்ததே இல்லை.

"இது சும்மாதான் சார். முழுப் படம் வேணும்னா கட்டணம் உண்டு."

தொகையைச் சொன்னார். அதைத் திரும்பச் சொல்ல எனக்கு இன்னும் வாய் வரவில்லை. என் ஓய்வூதியக் கணக்கில் சொல்லிவிடுகிறேன். ஐந்து மாதம்.

"தோட்டம் மொத்தத்துக்குமா மேடம்?"

"படத்துக்கு சார்."

"படத்துல இருக்கிற புல்லு?"

"புல் தனி."

எனக்கு 'பில் தனி' என்று காதில் விழுந்தது. பெரிய வித்தியாசம் இல்லை.

காகிதத்தைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு கல்மேல் உட்கார்ந்தேன். கல் ஈரம். தையற்காரர் எட்டிப் பார்த்தார். படத்தின் நடுவில் ஒரு வட்டம் இருந்தது. அதற்குள் எதுவும் இல்லை.

"இங்க என்ன வரும் மேடம்?"

"ஒண்ணும் வராது சார். அது வெற்றிடம். கண்ணு போய் நிக்கிறதுக்கு ஓர் இடம் வேணும்."

"அப்ப அதுக்குக் காசு கிடையாது."

"அதுக்குத்தான் சார் யோசனை அதிகம். அதுக்குத்தான் கட்டணமே."

தையற்காரர் என் காதருகே வந்தார். "அண்ணா, நான் பொத்தான் துளைக்குத் தனியா காசு வாங்கினதே இல்ல. இத்தனை வருஷம் ஏமாந்துட்டேன்."

கல் பாவ, மண் கொட்ட, செடி நட என்று பெண்மணி வரிசையாகச் சொல்லிக்கொண்டே போனார். அவை பதினொரு மாத ஓய்வூதியம். கடைசியில் கொட்டகைப் பக்கம் திரும்பி மூக்கைச் சுருக்கினார்.

"இதைப் பிரிச்சு, உள்ள இருக்கிறதை அப்புறப்படுத்தணும். ரொம்ப இருக்கு. அதுக்கு ஆள், வண்டி..."

அது இரண்டு மாதம். என் பொருளை என்னிடமிருந்து எடுத்துக்கொண்டு போக, என்னிடமே இரண்டு மாத ஓய்வூதியம். ஆக மொத்தம் பதினெட்டு மாதம். ஒன்றரை வருடம் நான் காற்றைக் குடித்துவிட்டுப் புல்லைப் பார்த்துக்கொண்டிருக்க வேண்டும். கையிலிருந்த தேநீர் ஆறிப்போனது.

என் மனைவி பதறவே இல்லை. அதுதான் என்னை மேலும் பதற வைத்தது.

"செஞ்சுடலாமே. ஏங்க, உங்க பேங்க் புத்தகம் எந்த அலமாரியில இருக்கு?"

"எதுக்கு?"

"சும்மா பார்க்கத்தான்."

என் வாழ்க்கையில் நாலு பேர் முன்னால் நான் உரக்கப் பேசியது அப்போதுதான். சரியாகச் சொன்னால் மூன்று பேர்.

"ஒரு காசு செலவில்லாம இதை நானே செய்வேன்" என்றேன்.

"நீங்களா?"

"எட்டே நாள்ல."

"உங்களுக்கு முட்டி வலி."

"முட்டிக்குப் பதினெட்டு மாசம் ஆகாது."

"சரி, நட்டுடுவீங்க. கொட்டகையை யார் பிரிக்கிறது?"

"நான்தான்."

அவள் முகம் வாடிப்போனது. "வேண்டாங்க. கொட்டகை இருந்துட்டுப் போகட்டும். ஏழு வருஷம் தேடித்தேடிச் சேர்த்தது. அதுலதான் உங்க உசிரே இருக்கு."

"உயிர் எங்கே இருந்தா என்ன? பிரிக்கிறேன்."

"மனசு கேக்கல. அந்த ரெண்டு மாசக் காசைக் கொடுத்துடலாம். நீங்க பார்க்காதப்போ வந்து எடுத்துட்டுப் போகட்டும்."

"கொடுக்க மாட்டேன். ஒரு டின் விடாம நானே காலி பண்றேன். இவர் சாட்சி."

தையற்காரர் தலையாட்டினார். பெண்மணி காகிதத்தைச் சுருட்டிக்கொண்டார். "அப்ப நான் வரேன்" என்று என் மனைவி கையைப் பிடித்துச் சொன்னார். என்னைப் பார்த்து ஒரு கும்பிடு போட்டார். பிழைப்பைக் கெடுத்துவிட்டோமே என்று எனக்குச் சங்கடமாகக்கூட இருந்தது.

எட்டு நாள் உழைத்தேன். டயர் ஏழும் பாத்திகள் ஆயின. டின் முப்பத்தொன்றும் தொட்டிகள் ஆயின. ஓடு எண்பத்தெட்டும் நடைபாதை. வீடில்லாத கதவுக்குக் கால் வைத்து பெஞ்சாக்கினேன். மற்ற எண்பத்தாறையும் பழைய சாமான்காரர் வண்டியில் ஏற்றிக்கொண்டார். அவற்றின் பெயரை அவர் கேட்கவில்லை. நானும் சொல்லவில்லை. நடுவில் அந்த வட்டத்தை மட்டும் அப்படியே விட்டேன். ஐந்து மாத ஓய்வூதியம் பெறுமானமுள்ள வெற்றிடம். எனக்கு இலவசமாக விழுந்தது.

ஒன்பதாம் நாள் காலை கணக்குப் பார்த்தேன். இருநூற்றுப் பதிமூன்று. மறுபடி கூட்டினேன். இருநூற்றுப் பதிமூன்றுதான். முப்பத்து நான்கு வருடத்தில் எனக்கு ஓர் உருப்படி குறைந்ததில்லை.

"பூவாளியைக் காணோம்" என்றேன்.

"எந்தப் பூவாளி?" என்றாள் மனைவி, செடிக்குச் சொம்பில் தண்ணீர் ஊற்றியபடி.

"பித்தளை மூக்கு வச்சது."

அதற்குள் வாசல் பக்கமிருந்து அதே பெண்மணி உள்ளே வந்தார். என் கை தானாகச் சட்டைப்பையைப் பொத்திக்கொண்டது.

"பயப்படாதீங்க சார். சும்மா பார்க்க வந்தேன்." தோட்டத்தைச் சுற்றிப் பார்த்தார். "அம்மா சொன்ன மாதிரியே செஞ்சுட்டீங்களே."

"அம்மா என்ன சொன்னாங்க?"

"'நீங்க வந்து உங்க விலையை மட்டும் சொல்லிட்டுப் போங்க, மீதியை அவரே செஞ்சுடுவார்'னு. எனக்கு நம்பிக்கையே இல்ல."

மனைவியைப் பார்த்தேன். அவள் ஒரு செடியில் பூச்சி தேடிக்கொண்டிருந்தாள். அந்தச் செடிக்கு வயது மூன்று நாள்.

"அதுக்கு எவ்வளவு வாங்கினீங்க மேடம்?"

"காசு வாங்கல சார். ஒரு பூவாளி கொடுத்தாங்க. பழங்காலத்துப் பொருள், பித்தளை மூக்கு. வாசல்ல வச்சிருக்கேன், பார்க்கிறவங்க எல்லாம் விலை கேக்கிறாங்க."

கணக்கு நேராகிவிட்டது. என் கொட்டகையைக் காலி செய்யக் கூலி, என் கொட்டகையிலிருந்தே போயிருக்கிறது. நான் பிரிக்க ஆரம்பிப்பதற்கு முன்பே.

உட்காரலாம் என்று கதவுப் பெஞ்சுக்குப் போனேன். அதில் இருவரும் தேநீரோடு உட்கார்ந்துவிட்டார்கள். நாற்காலி ஒன்றைத் தூக்கிக்கொண்டு நின்றேன். எங்கும் பாத்தி, எங்கும் தொட்டி.

"நடுவுல போட்டுக்கங்க" என்றாள் மனைவி.

"அங்க ஒண்ணுமே இருக்கக் கூடாதுன்னாங்களே."

"நீங்க உக்காந்தா தப்பில்ல."

உட்கார்ந்தேன். என் கணக்கில் இருநூற்றுப் பதினான்கும் தீர்ந்துவிட்டது. அவள் கணக்கு இருநூற்றுப் பதினைந்து. மீதி, ஒன்று.