வினோஜன் அழுத படம்

கன்னத்தில் பவுடர் ஏறிக்கொண்டிருந்தது. கண்ணோ சுவர்க் கடிகாரத்தை விட்டு நகரவில்லை.

மொன்றியலின் பிரெஞ்சுத் தொலைக்காட்சி ஒன்றில் வினோஜன் சினிமா விமர்சகன். இன்னும் பத்து நிமிடத்தில் நேரலை. அலச வேண்டிய படத்தை அவன் பார்க்கவே இல்லை!

விமர்சகர்களுக்கென்று ஒரே ஒரு காட்சி. அது சனிக்கிழமை காலை. அதே நேரத்தில் சின்னம்மாவின் மகளுக்குக் கல்யாணம். பெண்ணுக்குச் சகோதரன் முறை என்பதால் இவன்தான் மாப்பிள்ளைத் தோழன். தோழன் இல்லாமல் மாப்பிள்ளை மணவறை ஏறுவாரா?

ஆகவே அக்காவின் கணவர் அருமைராசாவை அனுப்பினான். துறைமுகத்தில் கொன்டெய்னர் இறக்குபவர். பிரெஞ்சு அவருக்குத் தண்ணீர்பட்ட பாடு.

"ஓமப் புகைக்குள்ள கண் எரிய இருக்கிறதை விட இது நல்லது. நான் போறன்" என்று கிளம்பியவர், மாலையில் கதையும் சொன்னார்.

இப்போது மறுபடியும் போன் போட்டான்.

"அத்தான், கடைசிக் காட்சியை இன்னொருக்காச் சொல்லுங்கோ."

"தகப்பன் படகில இருக்கிறார். கோவிச்சுக்கொண்டு போன மகன் ஓடி வாறான். ரெண்டு பேரும் ஒண்டும் கதைக்கேல்லை. தகப்பன் தன்ர சாப்பாட்டுப் பெட்டியை நீட்டுறார். அவ்வளவுதான்."

"அழலாமோ?"

"தாராளமா அழலாம். தம்பி, இன்னொரு விசயம்..."

"பேந்து கதைப்பம்!"

வைத்துவிட்டான். அடுத்த சீசனுக்கு ஒரே ஒரு விமர்சகர்தான் என்று தயாரிப்பாளர் சொல்லியிருந்தார். அரங்கில் எதிர் நாற்காலியில் போட்டி விமர்சகர் லூசி. எந்தப் படத்துக்கும் முகம் இளகாத பழைய புலி.

விளக்குகள் எரிந்தன. நிகழ்ச்சியை நடத்தும் றெனோல்ட் பிரெஞ்சில் ஆரம்பித்தார்.

"படம் எப்படி?"

வினோஜன் குரலைத் தழுதழுக்க விட்டான். "அந்தச் சாப்பாட்டுப் பெட்டி... அழுதுவிட்டேன்."

லூசி நிமிர்ந்தார். "பெட்டியை விடுங்கள். அந்தப் படகின் சிவப்பு! கவனிக்கவில்லையா?"

சிவப்பா? அத்தான் சொல்லவில்லையே!

"கவனித்தேன் மதாம். மகன் நெருங்க நெருங்க அது கறுத்துப் போகிறதே?"

லூசி ஒரு கணம் விழித்தார். "அதைத்தான் சொல்ல வந்தேன். அங்கேதான் நானும் அழுதேன்!"

இருவரும் அழுதபின் றெனோல்ட் மட்டும் கல்லாக இருக்க முடியுமா?

"எனக்கு அந்த நாய்தான். என்ன நடிப்பு!"

நாயா! அத்தான் சொன்ன கதையில் நாயே இல்லையே!

"அதன் கண்கள்!" என்றான்.

"வாலும்தான்" என்றார் லூசி.

நிகழ்ச்சி முடிந்ததும் தயாரிப்பாளர் ஓடி வந்தார். "லூசி அழுது இப்போதுதான் கேள்விப்படுகிறேன்! இரண்டு பேருமே இருங்கள்!"

வினோஜன் துள்ளிக்கொண்டு போனை எடுத்தான்.

"அத்தான், வேலை தப்பிட்டுது! ஆனா நாயைப் பற்றி ஏன் சொல்லேல்லை?"

"முதலே சொல்ல வந்தனான், நீர்தானே வெட்டினீர்? அண்டைக்குத் தியேட்டருக்கு வந்தது நான் ஒராள்தான். மெஷின் பழுதெண்டு என்னையும் திருப்பி அனுப்பிப்போட்டாங்கள். கலியாண வீட்டில உம்மைப் பயப்படுத்த மனம் வரேல்லை; நான் சொன்னது எங்கட துறைமுக ஃபோர்மன்ட வீட்டுக் கதை. அதில நாய் எங்கயிருந்து வந்தது, தம்பி?"