கேசட் அண்ணனும் எட்டு பிட் மூளையும்

மலிவான பொருளைத் தலையில் தூக்கி வைத்து ஆடுவதில் எங்கள் கேசட் அண்ணனை அடித்துக்கொள்ள மலாக்கா மாநிலத்திலேயே ஆள் கிடையாது. தெங்கேராவில் எங்களுக்கு அடுத்த வீடு. ஆயர் குரோ தொழிற்சாலை ஒன்றில் இயந்திரம் பழுது பார்க்கிறார். வீட்டில் நாற்காலிகளைவிடப் பழைய வீடியோ கேம் பெட்டிகள் அதிகம். விருந்தாளி நிற்க வேண்டியதுதான்.

அந்தக் காலத்துப் பெட்டிகளுக்குள் மூளையாக இருப்பது எட்டு பிட் சிப். விலை குறைவு என்றுதான் அதைப் போட்டார்கள். அண்ணனுக்கோ அது தெய்வம். ஆயுத பூஜையன்று முதல் பொட்டு அதற்குத்தான். குங்குமம் உள்ளே விழுந்து இரண்டு பெட்டிகள் செத்தும் போயின. புதுக் கைப்பேசியோடு எவனாவது கண்ணில் பட்டால் தீர்ந்தான்.

"இதவிட லட்சம் மடங்கு மூளை உன் கையில இருக்குலா. அத வச்சு என்னா செய்ற? குட் மார்னிங் அனுப்புற."

ஒரு கேம் கேசட்டுக்குள் இருந்து ஆட்டத்தை நடத்தும் எண்கள் அத்தனையையும் ஒரே பள்ளி நோட்டில் எழுதி வைத்திருந்தார். இத்தனூண்டு இடத்தில் ஓர் ஆட்டத்தையே அடக்கிவிட்டார்களே என்று அதைக் காட்டும்போது அவர் குரல் தழுதழுக்கும். எனக்குச் சிரிப்பு வரும்.

போன வருஷம் லோரி ஓட்டும் என் கணவருக்குப் பக்கவாதம். வலது கை விழுந்தது, பேச்சு நின்றது. பேச்சு வரும், அவர்தான் முயல வேண்டும் என்றார் மருத்துவர். அவரோ நாலு மாதம் சுவரையே பார்த்துக்கொண்டிருந்தார். ஹாரனே தேவைப்படாத குரல் அது. இனி கேட்கவே மாட்டேனோ என்று நான் பயந்து செத்தேன்.

அண்ணன் ஒரு பெட்டியோடு வந்தார்.

"புது கேமெல்லாம் கண்ண மூடித் திறக்கறதுக்குள்ள ஓடிரும் தங்கச்சி. இதுக்கு மூளை கொஞ்சந்தான். ஒரு பந்து, ரெண்டு மட்டை. மச்சானுக்கு இப்ப இது போதும்."

தினமும் வேலை முடிந்து வந்து ஆடுவார். தினமும் என் கணவர் இடது கையால் ஆடித் தோற்பார். ஜெயித்ததோடு விடாமல் அண்ணன் தனக்குத்தானே கைதட்டிக்கொள்வார். நோயாளிக்கு ஒரு நாளாவது விட்டுக்கொடுக்கக் கூடாதா என்று கேட்டும் பார்த்தேன். மனிதர் மசியவில்லை. இனி வீட்டுப் பக்கம் வராதீர்கள் என்று சொல்லிவிடத்தான் இருந்தேன்.

மூன்றாவது வாரம் என் கணவர் நாற்காலியை இழுத்துக்கொண்டு போய்த் திரையருகே உற்றுப் பார்த்தார். முகம் சிவந்தது. வாய் கோணியது. எச்சில் தெறிக்க ஒரு சொல் வந்தது.

"ஏமாத்துறான்."

உண்மைதான். நோட்டைப் பார்த்து, மட்டையின் நீளத்துக்கான ஒரே ஓர் எண்ணை மாற்றி மாற்றி, என் கணவரின் மட்டையை மட்டும் நாளுக்கு நாள் குட்டையாக்கிக்கொண்டே வந்திருக்கிறார் அண்ணன்.

"லோரிக்காரருக்குக் கோவம் வந்தா வாய் சும்மா இருக்காதுலா, தங்கச்சி" என்றவர், தரையில் உட்கார்ந்து குழந்தை மாதிரி அழுதார். "இன்னொரு தடவ சொல்லுங்க மச்சான்."

பிறகு சொற்கள் ஒவ்வொன்றாக வந்தன. பாதி வசவுகள். அண்ணனை என் கணவர் இன்றைக்கும் திருடன் என்றுதான் கூப்பிடுகிறார். ஓவர்டைம் வந்து திருடன் வராத மாலைகளில், நாங்கள் இருவரும் வாசலையே பார்த்துக்கொண்டிருக்கிறோம்.