மேஜர் வந்தாச்சு, ரிப்பன் வரல

எம்.எல்.ஏ. மேஜர் ரகுராம் கத்தரிக்கோலும் கையுமாகத் தயாராக நின்றார். வெட்டவேண்டிய ரிப்பன்தான் இன்னும் கடையிலிருந்து வந்து சேரவில்லை.

ரிப்பன் மட்டுமா? திறக்கப்படவேண்டிய ஓட்டலின் முதலாளி லுங்கியோடு வாசலில் பல் தேய்த்துக்கொண்டிருந்தார். ஷாமியானாக்காரர் மூன்றாவது கம்பத்தை நட்டுக்கொண்டிருந்தார். முந்நூறு பிளாஸ்டிக் நாற்காலிகள் வரிசையாக இருந்தன. உட்கார்ந்திருந்தது ஒரே ஒரு ஆள், அவரும் ஷாமியானாக்காரரின் மச்சான்.

“மூர்த்தி, இன்விடேஷன்ல எத்தனை மணி?” என்று கேட்டார் மேஜர்.

“ஒன்பதரை சார்.”

“இப்ப?”

“எட்டு பத்து சார்.”

“குட்,” என்றார் மேஜர். அவருக்கு நேரத்தில் ஒரு குறையும் தெரியவில்லை.

அந்த நேரம் பார்த்து எதிர்க்கட்சிக்காரர் ஒருவர் மட்டும் எங்கிருந்தோ சரியாக வந்து, செல்போனில் ஒரு படம் எடுத்துக்கொண்டு போனார். மத்தியானத்துக்குள் அந்தப் படம் தொகுதி முழுக்கச் சுற்றியது. கத்தரிக்கோலோடு மேஜர், பின்னால் முந்நூறு காலி நாற்காலி. மேலே கொட்டை எழுத்தில், ‘நாற்காலிகளின் நாயகன்’.

மேஜருக்குத் தனிச் செயலாளராக ஏழு வருஷமாகக் குப்பை கொட்டும் கணேசமூர்த்தி அந்தப் படத்தைத் தன் போனிலிருந்து அழித்தார், மறுபடி வந்தது. திருப்பத்தூரிலிருந்து பெங்களூருக்கு வந்தவர். ராணுவத்தில் பதினாலு வருஷம் தமிழ் ஜவான்களோடு இருந்ததில் மேஜருக்குத் தமிழ் தண்ணீர் பட்ட பாடு. அதனாலேயே இருவருக்கும் ஒத்துப்போயிற்று. ஒத்துப்போகாதது நேரம் ஒன்றுதான்.

ராணுவத்தில் மேஜர் முன்னாலேயே போய் நின்றார், பதக்கம் கொடுத்தார்கள். பிறகு சட்டம் படித்து கோர்ட்டுக்குப் போனார். நீதிபதி வருவதற்கு முன் போய் நின்றார், பொறுப்பான வக்கீல் என்றார்கள். அதே பழக்கத்தை அரசியலுக்குக் கொண்டுவந்தால் என்ன ஆகும்? நம் ஜனம் ஒன்பது என்று போட்டால் பத்தரைக்குத்தான் குளிக்கவே போகும். தலைவர் என்பவர் பதினொன்றுக்கு வரவேண்டும். இவரோ விழா ஆரம்பிக்க ஒரு மணி நேரம் இருக்கும்போதே வந்து, மண்டபத்தை முன்னும் பின்னும் சுற்றிப் பார்த்துவிட்டு, காலி நாற்காலிகளுக்கு எதிரே மேடையில் தனியாக உட்கார்ந்திருப்பார்.

மறுநாள் கட்சி ஆபீசிலிருந்து போன் வந்தது.

“மூர்த்தி, உங்க மேஜர் போட்டோ பதினேழு வந்திருக்கு. ஒண்ணுல கூட ஆள் இல்ல. கூட்டமே சேராத ஆளுக்கு இந்தத் தடவை எப்படி சீட்டு குடுக்கறது? மூணு வாரத்துல மேலிடப் பார்வையாளர் பத்ரிநாத் பொம்மனஹள்ளி சமுதாயக் கூடம் திறப்பு விழாவுக்கு வர்றாரு. அன்னிக்கும் காலி நாற்காலின்னா, சீட்டு வேற ஆளுக்கு.”

மேஜருக்கு சீட்டு இல்லை என்றால் கணேசமூர்த்திக்கு வேலை இல்லை. வீட்டுக்குப் போய் மோட்டுவளையைப் பார்த்து உட்கார்ந்தார். மனைவி உஷா காப்பியோடு வந்தாள்.

“இதுக்கா இப்படி உக்காந்திருக்கீங்க? எங்க அக்கா வீட்டுக்காரரைக் கல்யாணத்துக்குக் கெளப்பணும்னா ஒரு மணி நேரம் முன்னாடி சொல்லுவோம். உங்க சாருக்கு ஒரு மணி நேரம் பின்னாடி சொல்லுங்க.”

“பொய் சொல்லச் சொல்றியா?”

“ஏழு வருஷமா அரசியல்ல என்னதான் பண்ணிட்டிருந்தீங்க?”

ஆட்டோ ஸ்டாண்டு ஆண்டு விழா ஒன்பது மணிக்கு. கணேசமூர்த்தி மேஜரிடம், “பத்து மணிக்கு சார்,” என்றார். மேஜர் தலையாட்டினார். ஆகா, இவ்வளவுதானா என்று கணேசமூர்த்தி அன்றைக்கு நிதானமாக எண்ணெய் தேய்த்துக் குளித்துவிட்டு எட்டரைக்குப் போய்ச் சேர்ந்தார். மேஜர் ஏழே முக்காலுக்கே வந்துவிட்டிருந்தார். அவர் பத்துக்குத்தானே வருவார் என்று கணேசமூர்த்தி நாற்காலிகூட இறக்கச் சொல்லவில்லை. வெறும் தரையில் மேஜர் தனியாக நிற்கும் படம் வந்தது. ‘இப்போது நாற்காலியும் கைவிட்டது’ என்று எழுதியிருந்தார்கள்.

“வாயால சொன்னா அவர் எப்படி நம்புவார்? வக்கீலாச்சே. காகிதம் வேணும்,” என்றாள் உஷா.

அதுவும் நியாயமாகப் பட்டது. அடுத்தது மாரியம்மன் கோயில் கும்பாபிஷேகம், வெள்ளிக்கிழமை காலை எட்டு மணி. கணேசமூர்த்தி அச்சகத்தில் மேஜருக்காக மட்டும் ஒரே ஒரு பத்திரிகை தனியாக அடித்தார். அதில் பத்தே முக்கால்.

மேஜர் பத்திரிகையை வாங்கிப் படித்தார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மாட்டிக்கொண்டார். அது அவர் கோர்ட்டில் சாட்சியைக் கூண்டில் ஏற்றும்போது செய்கிற காரியம்.

“மூர்த்தி, கும்பாபிஷேகம் என்னிக்கு?”

“வெள்ளிக்கிழமை சார்.”

“வெள்ளிக்கிழமை பத்தரைலேர்ந்து பன்னெண்டு வரைக்கும் என்ன?”

கணேசமூர்த்தி சுவர்க் காலண்டரைப் பார்த்தார். “ராகு காலம் சார்.”

“அம்மனுக்கு ராகு காலத்துல கும்பாபிஷேகம் பண்றதுன்னு முடிவு பண்ணது யாரு?”

“அது... கமிட்டிதான் சார்.”

அதோடு விட்டிருக்கலாம். மேஜர் விடவில்லை. கோயில் கமிட்டிக்கு ‘பதினைந்து நாட்களுக்குள் விளக்கம் தரவும்’ என்று நாலு பக்கம் கடிதம் எழுதிவிட்டார். கமிட்டிக்காரர்கள் கொதித்துப்போனார்கள். கும்பாபிஷேகத்தன்று ஏழு மணிக்கே வந்து நின்ற மேஜர் பக்கம் மட்டும் ஒரு ஈ காக்கை வரவில்லை. மற்றபடி கோயிலில் எள் போட்டால் எள் விழாத கூட்டம். படத்தில் அது இன்னும் எடுப்பாகத் தெரிந்தது.

“நேரத்தை எப்படித்தான் கண்டுபிடிக்கறாரு?” என்று புலம்பினார் கணேசமூர்த்தி. “மிலிட்டரி மூளை, உஷா. நம்மால முடியாது.”

“மூளைய விடுங்க. காரைப் பிடிங்க.”

டிரைவர் ஆண்ட்ரூ பெங்களூர் ஒக்கலிபுரத்துக்காரர். விஷயத்தைக் கேட்டதும் சிரித்தார். “இதுக்குப் போய் ஏன் சார் இவ்ளோ டென்ஷன்? சில்க் போர்டு சிக்னல் வழியா ஓட்டறேன். அந்த டிராபிக்ல கர்த்தரே பின் சீட்டுல உக்காந்தாலும் ஒன்றரை மணி நேரம் ஆவும்.”

பள்ளிக்கூட ஆண்டு விழா அன்று ஆண்ட்ரூ சொன்னபடி சில்க் போர்டுக்கு வண்டியைத் திருப்பினார். அங்கே ஏதோ ஒரு மந்திரிக்காக ரோட்டையே துடைத்து வைத்திருந்தார்கள். எம்.எல்.ஏ. வண்டியைப் பார்த்த போலீஸ்காரர் சல்யூட் அடித்து, கான்வாயின் வாலில் சேர்த்துவிட்டார். மேஜர் பதினொரு நிமிஷத்தில் போய்ச் சேர்ந்தார். பள்ளிக்கூட வாட்ச்மேன் இன்னும் கேட்டையே திறக்கவில்லை. பூட்டிய கேட்டுக்கு வெளியே மேஜர் நிற்கும் படம் வந்தது.

“இன்னா பண்ண சொல்ற சார்?” என்றார் ஆண்ட்ரூ. “இருவது வருசமா ஓட்டறேன். சில்க் போர்டுல நாலாவது கியர் போட்டது இதான் மொதல் தடவ.”

பொம்மனஹள்ளி விழாவுக்கு இரண்டே நாள் இருந்தது. கணேசமூர்த்திக்கு ராத்திரித் தூக்கம் போய்விட்டது. வேறு வேலை தேடுவதற்கு ஐம்பத்திரண்டு நல்ல வயதா என்று தனக்குத்தானே கேட்டுக்கொண்டார். உண்மையிலேயே பயந்துபோயிருந்தார். அந்தப் பயத்தில்தான் கடைசி யோசனை பிறந்தது. அது அவருடைய சொந்த யோசனை. உஷாவின் பங்கு ஒன்றுமில்லை.

சனிக்கிழமை சாயங்காலம் மேஜர் முன் போய் நின்றார்.

“சார், நாளைக்கு விழா கேன்சல்.”

“காரணம்?”

“ஜெனரேட்டர் ரிப்பேர் சார்.”

“சரி,” என்றார் மேஜர். அவ்வளவுதான். கண்ணாடியைக்கூடக் கழற்றவில்லை.

கணேசமூர்த்தி கணக்குப் போட்டுவைத்திருந்தார். பத்து மணிக்குள் எண்ணூறு பேரை உட்கார வைப்பது, பத்ரிநாத்தை முன் வரிசையில் அமர்த்துவது, அதற்கப்புறம் போன் போட்டு, ‘சார், ஜெனரேட்டர் சரியாயிடுச்சு, உடனே வாங்க’ என்பது. பத்தரைக்கு மேஜர் உள்ளே நுழைவார், கூட்டம் எழுந்து கை தட்டும். நினைக்கவே இனித்தது.

ஞாயிற்றுக்கிழமை ஏழரை மணிக்கு சமுதாயக் கூடத்தின் வாசலில் இறங்கினார். மேஜரின் கார் நின்றிருந்தது. ஆண்ட்ரூ சீட்டைச் சாய்த்துப் போட்டுக்கொண்டு பல் குத்திக்கொண்டிருந்தார்.

“ஆண்ட்ரூ, விழா கேன்சல்னு நான் சார்கிட்ட சொன்னேனேப்பா.”

“நானும் அதான் சார் சொன்னேன். ‘வர்ற தகவலை எல்லாம் இன்னொரு எடத்துல வெரிஃபை பண்ணணும், அதான் மிலிட்டரி’ன்னாரு. ஆறரைக்கே வண்டி எடுக்க வெச்சுட்டாரு.”

கணேசமூர்த்தி தலையில் கை வைத்துக்கொண்டு மாடியிலிருந்த ஹாலுக்கு ஓடினார். எண்ணூறு நாற்காலிகளும் காலியாக இருந்தன. மேஜரையும் காணவில்லை. வாசற்படியில் செருப்புச் சத்தம் கேட்டது. திரும்பினால், கையில் நோட்டுப் புத்தகத்தோடு வெள்ளை ஜிப்பாவில் ஒருவர்.

“பத்ரிநாத்,” என்று தன்னை அறிமுகப்படுத்திக்கொண்டார் அவர். “சொல்லாம கொள்ளாம முன்னாடியே வந்து பாக்கறதுதான் என் பழக்கம். அப்பத்தான் நெஜம் தெரியும்.”

நிஜம் எண்ணூறு நாற்காலியாக எதிரே உட்கார்ந்திருந்தது. பத்ரிநாத் பேனாவைத் திறந்தார்.

“சார், இன்னும் நேரம் இருக்கு சார், ஜனங்க...”

“போட்டோல பாத்தது சரியாத்தான் இருக்கு,” என்று சொல்லி அவர் எழுத ஆரம்பித்தார். ஏழு வருஷ உழைப்பு ஒரு வரியில் முடியப்போகிறது என்று கணேசமூர்த்திக்குக் கண் கலங்கிவிட்டது.

அப்போது கீழே, சாப்பாட்டுக் கூடத்திலிருந்து கொல்லென்று ஒரு சிரிப்பு எழுந்தது. ஒருவர் இருவர் சிரிப்பு இல்லை. பத்ரிநாத் பேனாவை நிறுத்தினார். இருவரும் படியிறங்கிப் போய்ப் பார்த்தார்கள்.

கீழே முதல் பந்தி நடந்துகொண்டிருந்தது. இருநூறு பேருக்குக் குறையாது. ஆட்டோக்காரர்கள், தெரு கூட்டுகிறவர்கள், ஞாயிறு ஓவர்டைமுக்குப் போகிற கார்மென்ட்ஸ் பெண்கள், ஷாமியானா ஆட்கள். நடு வரிசையில், இலைக்கு முன்னால் சட்டைக் கையை மடித்துவிட்டுக்கொண்டு மேஜர். இடம் கிடைக்காத ஐம்பது பேர் அவருக்குப் பின்னால் மனுவோடு நின்றார்கள்.

பத்ரிநாத் பக்கத்திலிருந்த ஒரு பெண்ணிடம் விசாரித்தார். கார்மென்ட்ஸில் வேலை செய்கிறவள், மமதா என்று பெயர்.

“ஏம்மா, விழா ஒன்பதரைக்குத்தானே? நீங்கள்லாம் இவ்ளோ சீக்கிரம்?”

“பந்தி போட்டா எப்பவும் இப்படித்தான் சார். ஆபீஸ்ல போய் மனு குடுத்தா வக்கீல் மாதிரி நூறு கேள்வி கேப்பாரு. ‘லைட்டு எரியலன்னு சொல்றீங்களே, இருட்டுல எப்படிப் பாத்தீங்க’ம்பாரு. இங்கன்னா வாய் நெறைய இட்லி இருக்கும், கேள்வி வராது. தலையாட்டிடுவாரு. தலையாட்டினா செஞ்சும் குடுத்துடுவாரு. எங்க தெருவுக்குத் தண்ணி அப்படித்தான் வந்துச்சு.”

பத்ரிநாத் எழுதின தாளைக் கிழித்துப் பைக்குள் போட்டுக்கொண்டார். செல்போனை எடுத்து, இந்த மூலையிலிருந்தும் அந்த மூலையிலிருந்தும் படமாக எடுத்துத் தள்ளினார். பிறகு அங்கே நின்றபடியே கட்சி ஆபீசுக்குப் போன் போட்டார்.

“காலி நாற்காலி ஏன்னு இப்பத்தான் புரியுது. ஜனம் பூரா கீழ பந்தில இருக்கு. ஜவான்களோட சமமா உக்காந்து சாப்பிடற ஆபீசர் இவரு. இந்த ஆளை விட்டா நமக்கு வேற ஆள் கிடையாது. சீட்டு இவருக்குத்தான், எழுதிக்குங்க.”

கணேசமூர்த்திக்குத் துள்ளிக் குதிக்கவேண்டும்போல் இருந்தது. வயசை நினைத்து அடக்கிக்கொண்டார். உஷாவுக்குப் போன் போட்டு, “வேலை இருக்குடி,” என்றார். இந்த மனிதரின் ஒழுங்கை மாற்ற மூன்று வாரம் பாடுபட்டோமே என்று வெட்கமாக இருந்தது. அந்த வெட்கத்தை யாரிடமாவது சொல்லித் தீர்க்க வேண்டியிருந்தது.

சமையற்கட்டில் சந்திரம்மா காலியான கேசரி அண்டாவைச் சுரண்டிக்கொண்டிருந்தாள். தொகுதியில் எந்த விசேஷத்துக்கும் சமையல் காண்ட்ராக்ட் அவளுக்குத்தான்.

“பாத்தியாம்மா எங்க சாரை?” என்றார் கணேசமூர்த்தி நெஞ்சு விம்ம. “நேரத்தை மாத்திச் சொன்னேன், கார்டை மாத்தி அடிச்சேன், விழாவே இல்லன்னுகூடச் சொல்லிப் பாத்தேன். கரெக்டா வந்து நின்னாரு. மிலிட்டரின்னா மிலிட்டரிதாம்மா.”

“நீங்க ஒண்ணு சார்,” என்றாள் சந்திரம்மா, கரண்டியை நிறுத்தாமல். “வீட்டுல அந்தம்மா மூணு வருசமா ஓட்ஸ் கஞ்சியத் தவிர வேற எதையும் கண்ணுல காட்டறதில்ல, அதான் கேசரி எத்தனை மணிக்கு எறக்குவேன்னு ஒவ்வொரு தடவையும் மொத நாளே எனக்குப் போன் போட்டுக் கேட்டுக்கறாரு.”