எங்கள் கிணற்றைப் பக்கத்து வளவுக்கு அனுப்பிய ஊசித்துரை

மன்னார்த் தீவுக்கு வடக்கு எது, தெற்கு எது என்பதைக் கடவுள் படைத்துவிட்டு மறந்துபோனார். அதை அவருக்கு ஞாபகப்படுத்தப் பிறந்தவர் எங்கள் ஊசித்துரை. இது என் கருத்தல்ல. அவரே போகிற வருகிறவர்களிடமெல்லாம் சொல்லிக்கொண்டிருந்தது.

காணி அளக்கும் வித்தையை நானும் படித்தே தீருவது என்ற எண்ணம் எனக்கு உதித்த கணம் நன்றாக நினைவிருக்கிறது. காலை நேரம். முகம் நிறையச் சவர்க்காரத்தோடு கிணற்றடியில் நின்றேன். எங்கள் சிறு தெருவான ஒழுங்கைப் பக்கம் தமது முக்காலிக்குப் பின்னாலிருந்து ஊசித்துரை நிமிர்ந்தார். தொண்டையைச் செருமினார்.

"தம்பி, நீர் இப்ப நிற்கிறது சூசைச் சம்மாட்டியாரின்ர காணி. வாளியை வைச்சிட்டு வெளியிலை வாரும்."

நான் பிறந்த நாள் முதல் தண்ணீர் குடித்த கிணறு, சவர்க்காரத்துக்குக் கண்ணை மூடித் திறப்பதற்குள் அயல்வளவுக்குக் குடிபோய்விட்டது. மூடிய கண்ணோடு நானும் கூடவே போயிருக்கிறேன். ஒரு மனிதன் கடுதாசியில் கோடு கீறினால் கிணறு நடக்குமென்றால், அந்தக் கோட்டைக் கீறப் படிக்காமல், சீனியர் பரீட்சைக்காக லத்தீன் வினைச்சொற்களை உருப்போட்டவனைவிட மடையன் உண்டா?

ஊசித்துரை யாழ்ப்பாணத்திலிருந்து அரசாங்க லைசென்சோடு வந்த சர்வேயர். அவருடைய பெயர்ப்பலகையில் நீளமான சொந்தப் பெயர் ஒன்று இருந்தது. அதைக் கடைசி எழுத்து வரைக்கும் வாசித்தவர் எங்கள் ஊரில் கிடையாது. தலையில் வெள்ளைக்காரர் தொப்பி, இடையில் வேட்டி, காலில் சப்பாத்து. இடுப்பில் ஒரு தோல் பை, பைக்குள் பித்தளைப் பெட்டி, பெட்டிக்குள் திசைகாட்டும் ஊசி. அந்த ஊசியாலேதான் பெயர் வந்தது. தொப்பியாலே 'துரை' ஒட்டிக்கொண்டது.

மன்னார் மணலில் சப்பாத்துப் போட்டு நடப்பவருக்கு நடக்கிற கதிதான் அவருக்கும் நடந்தது: பத்தடி போவதற்குள் இரண்டு சப்பாத்தும் நிறைந்துவிடும். மற்றவர்கள் நிறைந்த இடத்திலே கொட்டுவார்கள். இவர் ஒரு காணியின் எல்லைக்கு வந்ததும் நிற்பார். அந்தக் காணியின் மணலை அந்தக் காணிக்குள்ளேயே கொட்டிவிட்டுத்தான் அடுத்த காணியில் கால் வைப்பார். "மண் உடையவனுக்குச் சேர வேணும்" என்பார். ஒழுங்கையின் ஒரு நுனியிலிருந்து மறு நுனிக்குப் போக அவருக்கு அரை நாள் பிடிக்கும்.

சந்தியில் தேத்தண்ணிக்கடை வைத்திருந்த காசீம் நானாவிடம் ஒருநாள் போனார். குடிக்க அல்ல, அளக்க. சனம் குந்துகிற வாங்கு வரைக்கும் அளவுச் சங்கிலியை இழுத்துப் பார்த்துவிட்டுத் தலையை ஆட்டினார்.

"நானா, உங்கட வாங்கின்ர ரெண்டு கால் அரசாங்க றோட்டிலை நிற்குது. அது ராசாவின்ர காணி."

"அப்ப அதிலை குந்தியிருந்து குடிக்கிற தேத்தண்ணியும் ராசாட தேத்தண்ணியா ஐயா? கடன் சொல்லிட்டுப் போறவங்கள இனி ராசாட்டயே அனுப்பி விடுறன்."

கடை முழுக்கச் சிரித்தது. ஊசித்துரை சிரிக்கவில்லை. வாங்கைத் தாமே தூக்கி இரண்டு விரற்கடை உள்ளே வைத்துவிட்டுத்தான் போனார்.

கோயிலையும் அவர் விட்டுவைக்கவில்லை. ஞாயிறு பூசை முடிந்து சனம் கலைகிற நேரம் பங்குச் சுவாமியாரைப் பிடித்துக்கொண்டார்.

"சுவாமி, உங்கட பீடம் நேர் கிழக்கைப் பார்க்கேல்லை. மூண்டு பாகை விலகி நிற்குது."

"ஐயையோ! அப்ப இவ்வளவு காலமும் நாங்கள் செய்த செபமெல்லாம் எங்கை போனது?"

ஊசித்துரை பெட்டியைத் திறந்து, ஒரு கண்ணை மூடி, உண்மையாகவே கணக்குப் பார்த்தார். "மடுமாதா கோயிலுக்கு ஒரு மயிரிழை தவறி, அங்காலை காட்டுக்குள்ளை விழுந்திருக்கும்."

"பரவாயில்லை," என்றார் சுவாமியார். "யானையளுக்கும் செபம் வேணும்தானே."

இப்படிப்பட்டவரைத்தான் நீதிமன்றம் எங்கள் வளவுக்கு அனுப்பியது. காரணம் சூசைச் சம்மாட்டியார். கரைவலையும் வள்ளங்களும் வைத்து ஆள் நடத்தும் பெரிய மனிதர். எங்கள் பக்கத்து வளவுக்காரர். அந்த வருஷம் சோளகக் காற்று எழும்பினதோடு அவருடைய கிணறு உப்பாகிவிட்டது. எங்கள் கிணறு மட்டும் இளநீர் மாதிரி இனித்தது. உப்புத் தண்ணீரைக் குடித்த மறுநாளே சம்மாட்டியாருக்கு எல்லையைப் பற்றிச் சந்தேகம் பிறந்தது, வழக்கும் பிறந்தது. மனுஷனுக்கு ஞானம் எந்த வழியாலும் வரலாம். இவருக்கு நாக்கு வழியாக வந்தது.

எங்களுக்கோ அந்தக் கிணறுதான் சோறு. ஐயா செத்த பிறகு அம்மா மதலேனம்மா அந்தத் தண்ணீரை இறைத்துக் கத்தரியும் மிளகாயும் போட்டுத்தான் என்னைப் படிப்பித்தார். கிணறு போனால் தோட்டம் போகும். தோட்டம் போனால் நாங்கள் சம்மாட்டியாருடைய வலையில் கயிறு இழுக்கத்தான் போகவேண்டும். அதுவும் அவருக்குத் தெரியாத விஷயமல்ல.

எங்கள் கரையில் எல்லை போடும் முறையை இங்கே சொல்ல வேண்டும். மணல் தீவு, எல்லைக்கல் நடக் கல்லுக்கு எங்கே போவது? கம்பு நட்டால் கறையான் தின்னும், அல்லது அயலவன் அடுப்பில் வைப்பான். ஆகவே எங்கள் முப்பாட்டன்மார் உடைந்த தோணிகளின் பழைய நங்கூரங்களைக் காணி மூலைகளில் புதைத்து, வளையம் மட்டும் வெளியே தெரிய விட்டார்கள். நாலு பேர் சேர்ந்தாலும் அசைக்க முடியாது. காணி உறுதிப் பத்திரங்களிலும் அப்படியே எழுதினார்கள்: ஒழுங்கை நங்கூரத்திலிருந்து கடற்கரை நங்கூரம் வரைக்கும் நேர்கோடு. எங்களுக்கும் சம்மாட்டியாருக்கும் நடுவே இருந்த கடற்கரை நங்கூரத்தை மணல்மேடு எப்போதோ விழுங்கிவிட்டது. ஒழுங்கை நங்கூரம் மட்டும் மிஞ்சியது. பழைய பிளானில் அந்தக் கோட்டின் திசை குறித்திருந்தது. ஒரு முனையில் நின்று, ஊசி காட்டும் திசையில் கோட்டை நீட்டினால் சரி.

ஊசித்துரை அப்படியே செய்தார். நங்கூர வளையத்துக்கு நேர் மேலே முக்காலியை நிறுத்தி, தூக்குக்குண்டை வளையத்தின் நடுவில் இறக்கி, மூச்சைப் பிடித்துக்கொண்டு ஊசியைப் பார்த்தார். கூடி நின்றவர்களில் யாரோ, "ஐயா, உங்கட ஊர்ப்பக்கம் எல்லைக்கு நங்கூரம் வைக்கிறதோ?" என்று கேட்டதற்கு, "கல்லெண்டால் என்ன, நங்கூரமெண்டால் என்ன, எல்லைக்குறி எல்லைக்குறிதான்" என்றார். கோடு போனது. கிணறும் போனது.

அம்மா அழவில்லை. தொப்பியை மேலும் கீழும் பார்த்தார். "இந்தத் தொப்பியைக் கழட்டினா ஒருவேளை கண் தெரியும்" என்று சொல்லிவிட்டு, சம்மாட்டியாருடையதாகிவிட்ட கிணற்றில் தண்ணீர் அள்ளப் போனார்.

சம்மாட்டியாருக்கோ சந்தோஷம் தலைக்கேறிவிட்டது. ஒரு கிணறு கிடைத்தவர் அத்தோடு நிற்கலாம். நிற்கவில்லை. "ஐயா, வந்ததோடை ஒழுங்கை முழுக்க அளந்துபோட்டுப் போங்கோ. ஆரார் என்ர காணியைக் கடிச்சு வைச்சிருக்கினம் எண்டு பார்ப்பம்" என்றார்.

ஊசித்துரை ஒவ்வொரு நங்கூரத்தின் மேலும் முக்காலியை வைத்துக்கொண்டு ஒழுங்கையைச் சுற்றி வந்தார். காணி அளப்பவர் புறப்பட்ட இடத்துக்கே திரும்பி வந்து சேரவேண்டும், கோடு மூடவேண்டும். இவருடைய கோடு மூடவில்லை. எங்கள் படலையில் முடியவேண்டியது காசீம் நானாவின் கோழிக்கூட்டுக்குள் போய் முடிந்தது. வழியில், பிளானின்படி, சம்மாட்டியாருடைய வலைவாடி கடலுக்குள் இறங்கிவிட்டது. அவருடைய குசினி நடுறோட்டில் நின்றது.

"ஐயா, என்ன இது?" என்று அலறினார் சம்மாட்டியார்.

ஊசித்துரை பிளானைப் பார்த்தார். ஒழுங்கையைப் பார்த்தார். மறுபடி பிளானைப் பார்த்தார்.

"பிளான் சரி," என்றார். "ஒழுங்கைதான் பிழை."

இந்த வசனம் மன்னார்ப் பட்டினம் வரைக்கும் போய் வந்தது. மீன் விலை பிசகினால், "விலை சரி, மீன்தான் பிழை" என்றார்கள். சம்பந்தம் குழம்பினால், "மாப்பிள்ளை சரி, பொம்பிளைதான் பிழை" என்றார்கள். நானும் என் பங்குக்கு அவரைப் போலத் தொப்பி போட்டு நடந்து காட்டி, ஒழுங்கையைச் சிரிக்கவைத்தேன். சிரிப்புக்கு நடுவிலும் பிளான் என்னவோ நீதிமன்றத்துக்குப் போகத் தயாராக இருந்தது. சர்க்கார் முத்திரை குத்திய கடுதாசி ஊர் சிரிப்பதால் கிழிந்துவிடாது.

அவர் மட்டும் தூங்கவில்லை என்று நினைக்கிறேன். மறுநாள் கண் சிவக்க எங்கள் முற்றத்துக்கு வந்து, கிணற்றை இன்னொரு பக்கத்திலிருந்து சரிபார்க்க வேண்டும் என்று குசினி வாசலுக்கு முன்னால் முக்காலியை விரித்தார். அம்மா வேண்டுமென்றே திருவலையைக் கொண்டுவந்து முக்காலியின் காலடியில் போட்டு, அதன் மேல் உட்கார்ந்து தேங்காய் துருவத் தொடங்கினார்.

"அம்மா, கொஞ்சம் எழும்புங்கோ. ஊசி ஆடுது."

"என்ர முத்தத்திலை நான் இருக்கிறன். உங்கட ஊசிக்கு ஆட்டம் வந்தா வைத்தியரட்டைக் காட்டுங்கோ."

முணுமுணுத்துக்கொண்டே அம்மா திருவலையை மற்றப் பக்கம் இழுத்துப் போட்டார். ஊசித்துரை பெட்டியின் மேல் குனிந்தார். குனிந்தவர் நிமிரவில்லை.

"அம்மா," என்றார், எங்களுக்குப் பழக்கமில்லாத ஒரு சின்னக் குரலில். "வடக்கு உங்களோடை வருது."

"வரட்டும். இருக்கச் சொல்லுங்கோ, தேத்தண்ணி வைக்கிறன்."

நான் ஓடிப்போய்த் திருவலையைத் தொட்டுக் காட்டினேன். "ஐயா! திருவலையின்ர நாக்கு இரும்பு! ஊசி இரும்பைத்தான் பார்க்குது! நீங்கள் ஒழுங்கையிலை நிண்டு பார்த்தது நங்கூரத்துக்கு மேலை!"

"தம்பி, நான் லைசென்சு எடுக்கேக்கை நீர் பிறக்கேல்லை" என்று சொல்லிவிட்டு முக்காலியை மடக்கினார். ஆனால் போகும்போது படலையில் நிற்கவில்லை. இரண்டு சப்பாத்திலும் எங்கள் மணலை நிறைத்துக்கொண்டு அப்படியே நடந்து போனார்.

வழக்கு நாள் வந்தது. ஒருவர் பிழைவிட்டது அவருக்குத் தெரிந்துவிட்டால் அதை இன்னும் பலமாகப் பிடித்துக்கொள்வார் என்பது நான் பள்ளிக்கூடத்திலும் கந்தோர்களிலும் கண்ட உண்மை. அதனால் நம்பிக்கை இல்லாமல்தான் அம்மாவோடு போனேன். சம்மாட்டியாருக்காக வழக்குப் பேச வந்த பிறக்கிராசியார் பிளானை விரித்துவைத்து, "இது நீங்கள் கீறிய பிளான்தானே?" என்று கேட்டார்.

"ஓம். கீறினது நான்தான். ஆனால் இது காணியின்ர பிளான் இல்லை. நங்கூரங்களின்ர பிளான்."

பிறக்கிராசியார் பகிடிவிட்டார். "அப்ப உங்கட ஊசி பொய் சொன்னதோ?"

"ஊசி பொய் சொல்லேல்லை. இரும்பு கூப்பிட்டது, போச்சுது. கூப்பிட்டது ஆரெண்டு பார்க்காதது என்ர பிழை."

இதை ஊசித்துரை முதலில் நீதவான் துரைக்கு விளங்க இங்கிலீசில் சொன்னார். பிறகு, யாரும் கேளாமலே, சம்மாட்டியாருக்கும் அம்மாவுக்கும் விளங்கட்டும் என்று அதையே தமிழிலும் சொன்னார். மண்டபம் சிரித்தது. அங்கே சிரித்தவர்களில் பாதிப்பேர், வாழ்நாளில் ஒரு தடவையாவது 'என்ர பிழை' என்று வாய்திறந்து சொல்லியிராதவர்கள். பெரிய கதிரைகளில் இருந்தவர்கள் கூடுதலாகச் சிரித்தார்கள்.

நீதவான் துரை பிளானைத் தள்ளினார். வேறொரு சர்வேயர் வந்தார். இரும்பை விட்டு எட்டத்தில் நின்று கோடு பிடித்தார். கோடு மணல்மேட்டில் முட்டிய இடத்தைத் தோண்டினார்கள். கடற்கரை நங்கூரத்தின் வளையம் துருப்பிடித்து வெளியே வந்தது. கிணறு எங்கள் பக்கம், ஒரு பாய் விரிக்கிற அகலம் உள்ளுக்கு.

"நான் அப்பவே சொன்னனான்" என்றார் சம்மாட்டியார்.

உப்புத் தண்ணீர் குடிக்க அவருடைய பிள்ளைகள் என்ன பாவம் செய்தன என்று அம்மா அவர்களை அள்ள விட்டார், ஒரு நிபந்தனையோடு: "மதலேனம்மாவின்ர கிணத்திலை அள்ளுறம் எண்டு சத்தமாச் சொல்லிப்போட்டு அள்ளுங்கோ. தகப்பனுக்குக் கேட்க வேணும்."

ஊசித்துரைக்கு அதன் பிறகு நீதிமன்ற வேலை வரவில்லை. பிழையை ஒளித்த சர்வேயர்களுக்கெல்லாம் வேலை வந்தது. இப்போது இலுப்பைக்கடவைப் பக்கம் கமக்காரருக்கு வயல் வரம்பு அளந்து கொடுக்கிறாராம். அங்கே ஒரு மாட்டுவண்டிச் சில்லின் இரும்புப் பட்டத்தைக் கண்டு, அளவையே நிறுத்தி, வண்டியை அடுத்த ஊருக்கு ஓட்டிக்கொண்டு போகச் சொன்னாராம்.

நானும் சும்மா இருக்கவில்லை. ஊசியே வேண்டாம் என்று, கம்பு நட்டு வெயில் நிழலில் வடக்குப் பிடித்து, கயிறு இழுத்து எங்கள் ஒழுங்கைக்கு ஒரு பிளான் கீறியிருக்கிறேன். கோடு இன்னும் மூடவில்லை. ஒரு கதவு அகலம் இடிக்கிறது. எங்கே பிழை என்று எனக்குத் தெரியவில்லை. தெரிந்தவர் ஒருவர்தான். திங்கட்கிழமை தோணியில் கடந்து, வண்டி பிடித்து இலுப்பைக்கடவைக்குப் போகப்போகிறேன். பிளானை விரித்ததும் அவர் என்னைத் திட்டுவார், கமக்காரர் எல்லாரும் கேட்கத் திட்டுவார். அந்தத் திட்டைக் கேட்கத்தான் போகிறேன் என்பதை அம்மாவிடம்கூடச் சொல்லவில்லை. போறதெண்டால் அவருக்கு இதையும் கொண்டுபோ என்று அம்மாவோ ஒரு கடகப்பெட்டி கத்தரிக்காய் பிடுங்கி வைத்திருக்கிறார்.