அசனப் பந்தியில் ஒரு நாற்காலி

ஆரியசாலை,
திருவனந்தபுரம்.

கர்த்தருக்குள் மிகவும் பிரியமான கிருபா அக்காவுக்கு, தம்பி தேவபிச்சை ஸ்தோத்திரத்தோடு எழுதிக்கொள்வது. இங்கே என் சர்க்கரையும் என் வீட்டுக்காரி பிரேமாவின் இரத்தக் கொதிப்பும் ஆண்டவர் கிருபையால் ஒன்றையொன்று முந்தாமல் இருக்கின்றன. அங்கே கழக்கூட்டத்தில் தாங்களும், தங்கள் மகன் ரெஜினும், தாங்கள் புதிதாக வைத்துக்கொண்ட முழங்காலும் சுகமாயிருக்க ஜெபிக்கிறேன். "தாங்கள்" போதும் அக்கா, எழுதக் கை கூசுகிறது. இனி நீ.

ஒரே ஊருக்குள் இருந்துகொண்டு எதற்குத் தபால் என்று கேட்பாய். போன் செய்தால் நீ "ஸ்தோத்திரம்" என்கிறாய், பதிலுக்கு நான் "ஸ்தோத்திரம்" சொல்லி முடிப்பதற்குள் வைத்துவிடுகிறாய். நேரில் வந்தால் டீ தருகிறாய், முறுக்கு தருகிறாய், சபைப் பேச்சை எடுத்தால் தைலம் தேய்க்க வேண்டும் என்று எழுந்து உள்ளே போகிறாய். கடிதத்தை அப்படி நடுவில் துண்டிக்க முடியாது, கிழிக்கத்தான் முடியும். நீ ரிட்டையர் ஆன டீச்சர்; எழுதிய காகிதத்தை முழுக்கப் படித்து, பிழை திருத்தாமல் உன்னால் கிழிக்க முடியாது. விஷயம் இதுதான்: வருகிற சனிக்கிழமை நம் சபையின் அசன விருந்து. நீ வர வேண்டும்.

போன வருஷத்து அசனத்தில் நடந்ததைக் கிளறுவது எனக்கு இஷ்டமில்லை. ஆனால் நீ இதுவரை அதைப் பற்றி வாயே திறக்காததால் உன் பங்கையும் நானே சொல்லிவிடுகிறேன். நம் அசனத்துக்குச் சட்டம் ஒன்றே ஒன்று. பண்டிகையன்று சபையார் எல்லாரும், இன்ன சாதி, இன்ன ஊர், முதலாளி, கூலிக்காரர் என்ற பேதமில்லாமல், தரையில் ஒரே வரிசையில் உட்கார்ந்து ஒரே அண்டாவிலிருந்து சாப்பிட வேண்டும். என் மிளகாய்வத்தல் கடையில் மூட்டை சுமப்பவர் என் தோளோடு தோள் இடித்துக்கொண்டு எலும்பு கடிப்பார். நீ முழங்கால் ஆபரேஷன் முடிந்து வந்திருந்தாய். தரையில் உட்காரவே கூடாது என்று டாக்டர் சொல்லியிருந்தார். வரிசையின் கடைசியில் ஒரு பிளாஸ்டிக் நாற்காலியும், இலைக்கு ஒரு ஸ்டூலும் போட்டு உட்கார்ந்தாய். சோறு விழுந்தது. நான் குழம்பு வாளியோடு மறுகோடியில் நிற்கிறேன். உன் பக்கத்து இலையிலிருந்து உலகம்மை எழுந்தாள்.

உலகம்மையை உனக்குத் தெரியும். கட்டட வேலைக்குத் தென்காசிப் பக்கமிருந்து வந்தவள். ஞானஸ்நானத்தின்போது வேதத்திலிருந்து ஒரு பெயர் வைத்துக்கொள்ளச் சொன்னதற்கு, "ஏன், ஆண்டவருக்கு உலகம்மைன்னு கூப்பிட வாய் வராதோ?" என்று கேட்டவள். அவள்தான் சோற்றுக் கையோடு நின்றுகொண்டு கத்தினாள். "இங்க எல்லாருக்கும் தரைதான். ஊர் வேதக்கோயில்ல எங்க அம்மையத் தரையில ஒக்கார வச்சிட்டு மேல பெஞ்சுல இருந்தவங்க இங்கயும் வந்தாச்சோ?"

நீ இலையை மடித்தாய், கம்பை எடுத்தாய், போய்விட்டாய். நான் வாளியோடு வாசலுக்கு ஓடி வந்தபோது உன் ஆட்டோ கிழக்கேகோட்டைப் பக்கம் திரும்பிவிட்டது. என் கையிலிருந்த வாளியைப் பார்த்து, வெளியேயும் பந்தி உண்டா என்று வழியில் போன இரண்டு பேர் விசாரித்தார்கள்.

அன்று போனவள் இன்றுவரை நம் சபைக் கோயில் படி ஏறவில்லை. ஜன்னலோரத்து உன் இடத்தில் இப்போது குடைகளை வைக்கிறார்கள். நீ பாட்டு எடுத்தால் எப்போதும் ஒரு கட்டை தூக்கலாகத்தான் இருக்கும். இரண்டாம் சரணத்தில் ஆண்கள் எல்லாம் வாயை மட்டும் அசைப்போம். இப்போது கீபோர்டு வாசிக்கிற பையன் நிதானமாக, எல்லாருக்கும் எட்டுகிற மாதிரி எடுக்கிறான். ஒருவருக்கும் பாட வேண்டும் என்று தோன்றவில்லை. நீ இல்லாத ஞாயிறு எனக்கு ஞாயிறாகவே இல்லை அக்கா. ஆராதனை முடிந்து செருப்பு மாட்டும்போது உன் கம்புச் சத்தம் கேட்கிறதா என்று இன்னும் திரும்பிப் பார்க்கிறேன்.

நம் புதுப் போதகர் கிறிஸ்தவ ஒழுக்கவியல், சமூக நீதி என்றெல்லாம் படித்துப் பட்டம் வாங்கியவர். உன் நாற்காலி அவருக்கு வரமாக வாய்த்தது. புதன்கிழமை வேதபாடம் முழுக்க அதுதான். பலகையில் ஒரு நாற்காலி வரைந்தார், பக்கத்தில் ஒரு இலை வரைந்தார், அது மீன் மாதிரி இருந்தது. "எல்லாரையும் ஒரே மாதிரி நடத்துறது நீதியா, அவங்கவங்களுக்கு வேண்டிய மாதிரி நடத்துறது நீதியா?" என்று கேட்டார். அவ்வளவுதான், சபை இரண்டாகிவிட்டது. திராட்சத் தோட்டத்து வேலைக்காரர் எல்லாருக்கும் ஒரே கூலிதானே என்று ஒரு கட்சி. சரீரம் ஒன்றானாலும் அவயவம் பல, கண்ணுக்கும் காலுக்கும் ஒரே செருப்பா என்று மறு கட்சி. ஜெபம் பண்ணி முடித்த பிறகும் வாசலில் நின்று செருப்பைக் காட்டிப் பேசிக்கொண்டிருந்தார்கள். வழியில் போனவர்கள் அடிதடி என்று நினைத்தார்கள்.

பேச்சு போதும், செய்து பார்ப்போம் என்று ஈஸ்டர் காலைச் சாப்பாட்டுக்கு எல்லாரையும் நாற்காலியில் உட்கார வைப்பதாகக் கமிட்டி தீர்மானித்தது. கமிட்டி செயலாளர் நான்தான். வாடகைக்கு நாற்காலி தருகிற பிஜு பாதியைத்தான் கொண்டுவந்து இறக்கினான். "எந்து செய்யும் அண்ணாச்சி? பாக்கி கசேர முழுக்க கல்யாண வீட்டுக்குப் போயி" என்றான். முந்தி வந்தவர்கள் மேலே, பிந்தி வந்தவர்கள் கீழே என்றாகிவிட்டது. ஒரு நாற்காலிக்கே ஒரு வருஷம் மனஸ்தாபம், அன்று எத்தனை நாற்காலி என்று நினைத்துப் பார். அடுத்து, யாருமே உட்கார வேண்டாம், நின்று சாப்பிடுவோம் என்றார் போதகர். இஸ்ரவேலர் பஸ்காவைக் கச்சை கட்டி, கையில் தடியோடு தீவிரமாகச் சாப்பிட்டதற்கு ஆதாரமும் காட்டினார். பிரேமா விடவில்லை. "அவங்க எகிப்தை விட்டு ஓடிட்டு இருந்தாங்க ஐயா. நாம சாப்பிட்டுட்டு எங்க ஓடப் போறோம்?" என்று கேட்டாள். ஆனாலும் ஒத்திகை நடந்தது. வாழையிலையைக் கையில் ஏந்தி ரசம் வாங்கிக்கொண்டால் என்ன ஆகும் என்பது போதகரின் வெள்ளை அங்கியைப் பார்த்தால் தெரியும்.

கடைசியில் தரையும் இல்லாமல் நாற்காலியும் இல்லாமல் நடுவில் ஒன்று செய்தால் என்ன என்று எனக்கு உதித்தது. நம் வீட்டுத் தேக்கு நாற்காலியின் நாலு காலையும் பாதிக்கு அறுத்தேன். உட்கார்ந்து பார்த்தேன். சுகமாகத்தான் இருந்தது. எழுந்திருக்கத்தான் முடியவில்லை. பிரேமா ஒரு கையும் பிஜு ஒரு கையும் பிடித்துத் தூக்கினார்கள். "அக்காவுக்கு வச்ச பரீட்சையில நீங்க பெயிலாயிட்டீங்க" என்றாள் பிரேமா. அந்த நாற்காலியில் இப்போது பூந்தொட்டி இருக்கிறது.

இப்படி நான் மரம் அறுத்துக்கொண்டிருந்த சமயத்தில்தான் உலகம்மை கடைக்கு வந்தாள். வத்தல் வாங்க வந்தவள் மாதிரி மூட்டையைக் கிளறிக்கொண்டே நின்றாள். பிறகு சொன்னாள். "அண்ணாச்சி, நான் பேசுனது தப்புன்னு சொல்ல மாட்டேன். பெஞ்சுல கை வச்சதுக்கு எங்க அம்மைய எழுப்பி விட்டாங்க. அந்த அழுகைய நான் சின்னப்பிள்ளையில பாத்திருக்கேன். நாற்காலியக் கண்டா எனக்கு அதான் ஞாபகம் வருது. ஆனா அந்தப் பெஞ்சு வேற, அக்கா நாற்காலி வேற. அது அன்னிக்கு எனக்குத் தெரியலயே." சொல்லிவிட்டு அழுதாள். வத்தல் நெடி என்று சொல்லிக்கொண்டாள். நானும் அப்படியே சொல்லிக்கொண்டேன்.

ஆகவே அக்கா, எல்லாம் பேசி முடித்தாகிவிட்டது. உன் நாற்காலி வரிசைக்கு வெளியே அல்ல, வரிசைக்குள்ளேயே இருக்கும். இலைக்கு உயரமான ஸ்டூல் உண்டு. உன் பக்கத்தில் தரையில் உட்காரப்போவது உலகம்மை. அந்த இடத்தை வேறு யாருக்கும் தரமாட்டேன் என்கிறாள். ரெஜினைக் காரில் கொண்டுவந்து விடச் சொல். அவனுக்கு வேலை என்றால் நான் வருகிறேன். கோபம் தீரவில்லை என்றால் கோபத்தோடேயே வா, எங்களைப் பார்க்காமல் முகத்தைத் திருப்பிக்கொண்டு சாப்பிடு. வந்தால் போதும்.

ரெஜினுக்கு எங்கள் ஆசீர்வாதம். உன் வலது முழங்காலுக்கும், அடுத்து ஆபரேஷனுக்குக் காத்திருக்கிற இடது முழங்காலுக்கும் என் தனித்தனி விசாரிப்பு. சமாதானத்தின் தேவன் உன்னோடும், உன் பிடிவாதத்தோடும் இருப்பாராக.

உன் பிரியமுள்ள தம்பி,
தேவபிச்சை

பின்குறிப்பு: மேலே "வா" என்று எழுதிய இடத்தையெல்லாம் அடித்துவிடு. நீ வர வேண்டாம். கடிதத்தை ஒட்டுமுன் பிரேமாவுக்கும் உலகம்மைக்கும் வாசித்துக் காட்டினேன். உலகம்மைக்குச் சுருக்கென்று கோபம் வந்துவிட்டது. "எந்திரிச்சுப் போனவங்களையே திரும்பி வரச் சொல்லுதீயளே, அண்ணாச்சி! எழுப்பி விட்டவ நான்லா போவணும்?" என்றாள். அவள் மட்டும் போனால் அது எப்படி அசனமாகும் என்று பிரேமா கேட்டாள். போதகருக்குப் போன் போட்டேன். "சபை எங்க கூடுதோ அங்கதான் பந்தி" என்றார். அடுத்த புதன்கிழமைப் பாடமும் கிடைத்துவிட்ட சந்தோஷம் குரலில் தெரிந்தது. ஆகவே சனிக்கிழமை மத்தியானம் பிஜுவின் வண்டியில் அண்டாவும், பின்னால் பஸ்ஸில் சபையும் கழக்கூட்டம் வருகிறோம். உங்கள் பிளாட்டுக்குக் கீழே கார் நிறுத்துகிற இடத்தில் பாய் விரித்துக்கொள்ள ரெஜின் அனுமதி வாங்கிவிட்டான், உன்னிடம் மூச்சுவிடவில்லை. அசோசியேஷன் செகரட்டரி சேஷன் சைவமாம். அவருக்கென்று ஒரு சட்டி சாம்பார் தனியாக வருகிறது, அது நீதியா இல்லையா என்று வழியெல்லாம் சண்டை போட்டுக்கொண்டு வருவோம். நீ ஒன்றும் செய்ய வேண்டாம். லிப்டில் இறங்கி வந்து உன் நாற்காலியில் உட்கார்ந்து பாட்டை ஆரம்பித்து வை. எவ்வளவு தூக்கலாக வேண்டுமானாலும் எடு அக்கா. இந்தத் தடவை வாயை மட்டும் அசைக்கமாட்டோம்.